மூன்றாவது கட்டம்

கணினித் திரையில் இருந்த படிவத்தின் முதல் கட்டத்தில் கடையின் பெயர், இரண்டாவதில் தொலைபேசி எண். இரண்டையும் ஒற்றை விரலால் தட்டி முடித்த அய்யாதுரை அண்ணாச்சி மூன்றாவது கட்டத்தில் நின்றுவிட்டார்.

"யூ.ஆர்.எல்.னு போட்டிருக்கே. இது யாரு தம்பி?"

கடைகளுக்கான மென்பொருளை விற்க வந்திருந்த ஸ்ரீவத்சன் சிரிக்கவில்லை. 1998-இல் ரங்கநாதன் தெரு ஜவுளிக்கடையில் அது நியாயமான கேள்விதான். "இன்டர்நெட்ல உங்க கடைக்கு ஒரு பக்கம் வரப்போறது அண்ணாச்சி. அதோட விலாசம். எங்க கம்பெனி பேர், ஒரு சாய்வுக்கோடு, உங்க கடைப் பேர். எல்லாம் இங்கிலீஷ் சின்ன எழுத்து. நடுவுல இடம் விடக்கூடாது." ஒரு பில்லின் பின்பக்கம் எழுதியும் காட்டினான்.

அண்ணாச்சி உதட்டைப் பிதுக்கினார். "எனக்கே வெளங்கலியே. மத்த கடைக்காரனுக்கு எப்படி வெளங்கும்?" பில்லை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

அவர் வியாபாரிகள் சங்கத் தலைவர். யார் துணையும் இல்லாமல் அவர் அந்தப் படிவத்தை நிரப்பிவிட்டால் நாற்பது கடைகள் மென்பொருளை வாங்கும். இல்லாவிட்டால் மாதக் கடைசியோடு ஸ்ரீவத்சனின் பிரிவை மூடுவதாக முதலாளி ஸ்ரீரங்கன் சொல்லியிருந்தார். பிரிவு என்றால் ஸ்ரீவத்சனும் அவன் நாற்காலியும்தான்.

மயிலாப்பூர் அலுவலகத்துக்குத் திரும்பியதும் அந்தக் கட்டத்தின் தலைப்பை 'முகவரி' என்று மாற்றினான். அடுத்த முறை அண்ணாச்சி தயக்கமில்லாமல் தட்டினார். மாம்பலம் ஸ்டேஷன் படியிறங்கி இடது கை, பூக்காரம்மாவைத் தாண்டி நாலாவது கடை, எங்களுக்கு வேறு கிளைகள் கிடையாது.

'இணைய முகவரி' என்று மாற்றினான். இணையம் எந்த ஏரியா, பெருங்குடிக்கு அங்கிட்டா என்று விசாரித்தார் அண்ணாச்சி.

"முகம் சுளிச்சாரா?" என்று கேட்டார் ஸ்ரீரங்கன். சுளித்தார் என்றான். "அப்போ முதல் மூணு மாசம் இலவசம்னு சொல்லிட்டு வா."

சொல்லப் போனபோது அண்ணாச்சி சூரத் ஏஜென்ட் ஒருவரோடு இருந்தார். விரித்துப் போட்ட சேலையைக் கட்டைவிரலால் தேய்த்து, "சாயம் நிக்காதேய்யா" என்று துக்க வீட்டுக்காரர் மாதிரி சொன்னார். ஏஜென்ட் விலையை இறக்கினார். அண்ணாச்சி பெருமூச்சு விட்டார். ஏஜென்ட் இன்னும் இறக்கினார். ஸ்ரீவத்சன் அதைக் கவனிக்கவில்லை. அவன் மனதில் புதுத் தலைப்பு ஓடிக்கொண்டிருந்தது.

'உங்கள் பக்கத்தைக் கண்டுபிடிக்க மக்கள் தட்ட வேண்டிய பெயர்.' இதைவிடத் தெளிவாகத் தமிழில் எழுத முடியாது என்று நம்பினான்.

அண்ணாச்சி எதிர்க்கடையின் பெயரைத் தட்டினார்.

"அண்ணாச்சி, இது வைரவன் கடை."

"ஆமா. ஊரே அவன் கடையைத்தானே தேடுது? தேடுதவன் இங்க வரட்டும்."

ஸ்ரீரங்கன் ஓர் ஆண்டு இலவசம் என்றார். ஸ்ரீவத்சன் கட்டத்துக்குக் கீழே மாதிரிக்கு ஒரு விலாசத்தையே அச்சிட்டான். அண்ணாச்சி அதை எழுத்து பிசகாமல் அப்படியே தட்டி, "நீங்களே எழுதித் தந்தபெறகு நான் என்னத்த மாத்த?" என்றார்.

மாதம் முடிய இரண்டு நாள் இருந்தது. ஸ்ரீவத்சன் கடைசியில் தலைப்பைத் தூக்கினான், கட்டத்தையும் தூக்கினான். நாற்பது கடைகளுக்கும் அந்த விலாசத்தை அவனே எழுதித் தருவான். வருடம் முழுக்கச் சனிக்கிழமை தோறும் தெருவுக்கு வந்து உட்காருவான். ஓர் ஆண்டு இலவசம் அப்படியே இருக்கும்.

அண்ணாச்சி மின்விசிறியைப் பார்த்தபடி வெகுநேரம் யோசித்தார். "ஏதோ உங்க முகத்துக்காகச் சம்மதிக்கேன்" என்றார்.

மறுநாள் ஸ்ரீரங்கன் கடைக்கே வந்தார். இருவரும் கையெழுத்துப் போட்டார்கள், காபி வந்தது. ஸ்ரீவத்சனுக்கு வேலை மிஞ்சியது. சனிக்கிழமைகள் போயின. வாசல் பொம்மைக்குச் சாயம் நிற்காத அதே சேலையைக் கட்டியிருந்தார்கள்.

கிளம்பும்போது, தம்பிக்கு ஒரு வேட்டி எடுத்துக் கொடுக்கச் சொன்னார் அண்ணாச்சி. பில் போடும் சகினா அதைப் புதுப் பை ஒன்றில் போட்டுக் கொடுத்தாள்.

பையில் கடைப் பெயர். கீழே தொலைபேசி எண். அதற்கும் கீழே கம்பெனி பேர், சாய்வுக்கோடு, கடைப் பேர். எல்லாம் சின்ன எழுத்து. நடுவில் எங்கும் இடம் விடவில்லை.

ஸ்ரீவத்சன் பையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"பை நல்லாருக்கா சார்?" என்றாள் சகினா. "சிவகாசிலேர்ந்து வந்து ரெண்டு வாரமாச்சு, உங்க முதலாளி கையெழுத்துப் போடற வரைக்கும் வெளிய எடுக்கக் கூடாதுன்னு அண்ணாச்சி பரண் மேல வெச்சிருந்தாரு."