ஷேடுக்காரரும் சட்டை உரித்த சில்வண்டும்

கடவுள் உலகத்தைப் படைத்தபோது ஷேடுக்காரர் பக்கத்தில் இல்லாமல் போனது கடவுளின் நல்ல நேரம். இருந்திருந்தால் வானத்தை மறு சாயத்துக்குத் திருப்பி அனுப்பியிருப்பார். கிளியின் கழுத்தில் 'பச்சை தூக்கல்' என்று ஒரு சீட்டு தொங்கியிருக்கும். படைப்பு இன்னும் சாம்பிள் கட்டத்திலேயே நின்றிருக்கும்; நீங்களும் நானும் பிறந்திருக்க மாட்டோம்.

அவருக்கு வீட்டில் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும்தான் இருந்தது. திருப்பூரில் எங்கள் பனியன் கம்பெனியின் சாயப்பட்டறையில், லேப் என்று நாங்கள் அழைத்த கண்ணாடி அறையில் இருந்தார். எங்களிடம் துணி வாங்குகிற வெளிநாட்டுப் பையர் ஒரு நிறம் கேட்பார். அந்த நிறத்தை உள்ளங்கை அகலத் துணியில் ஏற்றி அனுப்ப வேண்டும். அதற்கு லேப் டிப் என்று பெயர். பையர் 'சரி' என்றால்தான் பெரிய தொட்டிகளில் துணி இறங்கும். ஒரே தொட்டியில் ஒன்றாகச் சாயம் ஏறியது ஒரு லாட். அந்த உள்ளங்கைத் துணியில் நிறத்தை, எங்கள் பாஷையில் ஷேடை, பார்ப்பது ஷேடுக்காரர் வேலை. நான் மெர்ச்சண்டைசிங் மேனேஜர். பையருக்கும் முதலாளிக்கும் நடுவில் நின்று இரண்டு பக்கமும் திட்டு வாங்குவதற்கு ஆங்கிலத்தில் அப்படி ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள்.

ஷேடுக்காரர் சட்டைப்பை நிறையத் துணித் துண்டுகள் வைத்திருப்பார். எதிரில் என்ன வந்தாலும் ஒரு துண்டை எடுத்துப் பக்கத்தில் பிடித்துப் பார்ப்பார். கேன்டீன் சாம்பாருக்கு அவர் கையால் ஒரு நாளும் அப்ரூவல் கிடைத்ததில்லை. "மஞ்சள் குறையுதுங்க, செவப்பு ஏறிப்போச்சு" என்று தட்டை ஜன்னல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோவார். சாமளாபுரத்தில் சொந்த வீடு கட்டியபோது முன்பக்கச் சுவருக்கு ஒரு நிறம் சொன்னார். பெயின்டர் அடித்தார். "கிட்ட வந்திருச்சுங்க, ஆனா அது இல்லீங்க" என்றார். மறுபடி அடித்தார். மறுபடியும் அது இல்லை. ஒரு நாள் மதியம் சாப்பிட்டுவிட்டு வருகிறேன் என்று போன பெயின்டர் ஏணியை எடுக்கக்கூடத் திரும்பி வரவில்லை. அந்தச் சுவர் இன்றைக்கும் பாதி வேறு, பாதி வேறாகத்தான் நிற்கிறது. ஏணியில் இப்போது அவரைக்கொடி படர்ந்திருக்கிறது.

என்னையும் விட்டுவைக்கவில்லை. நரை தட்டிய வயதில் நான் முதன்முதலாகத் தலைக்குச் சாயம் போட்டுக்கொண்டு, யாருக்கும் தெரியாது என்ற நம்பிக்கையோடு ஆபீசுக்குள் நுழைந்தேன். ஷேடுக்காரர் எழுந்து வந்தார். என் தலையைப் பார்த்தார். மீசையைப் பார்த்தார். பையிலிருந்து ஒரு கருப்புத் துண்டை எடுத்து இரண்டுக்கும் நடுவில் பிடித்தார்.

"சார், லாட் மாறிப்போச்சுங்க."

"என்னங்ணா?"

"மீசை ஒரு லாட்டு, தலை ஒரு லாட்டுங்க. ஒரே டப்பால போட்டா அது ரிஜெக்ட்டுங்க சார்."

என் டிப்பார்ட்மென்ட் முழுவதும் கம்ப்யூட்டருக்குப் பின்னால் குனிந்துகொண்டது. மறுநாள் மீசையை எடுத்துவிட்டேன்.

இப்படிப்பட்ட மனிதரின் கையில்தான் ஒரு வருஷம் என் பிழைப்பு போய் மாட்டியது. ஐரோப்பாவின் குளிர்தேசம் ஒன்றிலிருந்து ஓர் அம்மையார், பிறந்த குழந்தைகளுக்கான உடுப்புக்குப் பெரிய ஆர்டர் தருவதாகச் சொன்னார். நிறம் ஒன்றே ஒன்றுதான். ஒரு காகிதத்தில் தூரிகையால் ஒரு சொட்டு வைத்து அனுப்பியிருந்தார். வெள்ளை என்றால் வெள்ளை இல்லை, பச்சை என்றால் பச்சையும் இல்லை. கூடவே ஒரு வரி: இன்னும் யார் கையும் படாத ஒன்றைப்போல இருக்க வேண்டும்.

நான் மொழிபெயர்த்துச் சொன்னேன். ஷேடுக்காரர் காகிதத்தை வெயிலில் பிடித்தார், ட்யூப்லைட்டில் பிடித்தார்.

"கை படாத கலருங்களா? அதுக்கு ரெசிபி இல்லீங்களே சார்."

அனுப்பிய டிப்பெல்லாம் திரும்பி வந்தது. ஒன்றைப் பால் என்றார் அம்மையார். ஒன்றை ஆஸ்பத்திரி என்றார். எங்கள் தொழிலில் இதற்கு ஒரு குறுக்குவழி உண்டு. முதலில் அனுப்பியதையே புது அட்டையில் ஒட்டி மறுபடி அனுப்புவது. பாதி நேரம் 'ஆஹா, இதுதான்' என்று பதில் வரும். அந்த யோசனையை மெதுவாக எடுத்துவிட்டேன்.

"அது பொய்யுங்க சார்" என்று முடித்துக்கொண்டார்.

முதலாளி என்னைக் கூப்பிட்டார். "ஏனுங்க மேனேஜர், இந்த ஆர்டர் கை மாறிப்போச்சுன்னா தையல் செக்சன்ல அத்தனை பேரும் சும்மா உக்காரோணுமுங்க. உங்களுக்கு உக்கார சீட்டே இருக்காதுங்க. பாத்துக்கங்க."

எங்கள் ஊரில் வேலையை விட்டுத் தூக்குவதாக இருந்தாலும் 'ங்க' போட்டுத்தான் தூக்குவார்கள்.

அம்மையாரே நேரில் வந்தார். காலையில் பட்டறையைக் காட்டுவதாக ஏற்பாடு. விடியும் முன்பு நல்ல கோடைமழை. முதலாளியும் நானும் அம்மையாரும் காரில் ஏறி உட்கார்ந்ததும் என் போன் அடித்தது.

"சார், கலர் கெடைச்சிருச்சுங்க. வெசையா வாங்க. நேரமானா போயிருமுங்க."

"எங்கீங்ணா, லேப்லயா?"

"வேப்பமரத்துலீங்க."

பட்டறைக்குப் பின்னால் அந்த மரத்தடியில், விட்டுவிட்டுத் தூறிக்கொண்டிருந்த மழையில், ஷேடுக்காரர் விரித்த குடையோடு நின்றார். குடை அவர் தலைக்கு இல்லை. மரப்பட்டைக்குப் பிடித்திருந்தார். தலையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

குடைக்குக் கீழே ஒரு சில்வண்டு. மண்ணுக்குள்ளிருந்து ஏறி வந்து, முதுகு வெடித்து, பழைய ஓட்டிலிருந்து அப்போதுதான் வெளியே வந்திருந்தது. காலி ஓடு மண்நிறத்தில் பட்டையைக் கவ்வியபடி இருந்தது. அதன்மேல் தொற்றிக்கொண்டிருந்த பூச்சிக்கு இன்னும் உடம்பு உடம்பாகவில்லை. தொட்டால் விரல் உள்ளே போய்விடும் போல அத்தனை மெத்து. பிழிந்து உதறாத துணி மாதிரி இறக்கைகள் சுருண்டு கிடந்தன. நிறம்? அந்தக் காகிதத்தில் இருந்த சொட்டு அதன் முதுகில் இருந்தது.

அம்மையார் வாயைப் பொத்திக்கொண்டார். பிறகு, இதுதான், இதுவேதான் என்றார். முதலாளியின் முகத்தில் தீபாவளி.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் லேப்பில் நிறத்தை அளக்கிற மெஷின் ஒன்று இருந்தது. எதைக் காட்டினாலும் சாயக் கணக்கைச் சொல்லிவிடும். ஆனால் காட்டினால் மட்டும் போதாது; அதன் வாயில் வைத்து அழுத்தி மூட வேண்டும்.

"புடிச்சு மெஷின்ல வையுங்க" என்றார் முதலாளி.

ஷேடுக்காரர் குடையை இன்னும் இறக்கிப் பிடித்தார். "வேண்டாமுங்க மொதலாளி. இப்பத்தான் சட்டையக் கழட்டியிருக்குது. மேலு கெட்டியாகலீங்க. வெரல் பட்டாலே ரெக்கை கோணிக்குமுங்க, அப்பறம் பறக்காது. மெஷின்ல வெச்சா கூழுதானுங்க."

"ஊருப்பட்ட பூச்சி இருக்குதுங்க. ஆர்டரு இது ஒண்ணுதானுங்க இருக்குது."

"கொஞ்சம் பொறுங்க. நானு துண்ட வெச்சுப் பாத்தே சொல்லிப்போடறேன்." பையிலிருந்த துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பூச்சிக்குப் பக்கத்தில், படாமல் பிடித்தார். இது இல்லை. இதுவும் இல்லை.

முதலாளி பொறுமை இழந்து என் பக்கம் திரும்பினார். "மேனேஜர், நீங்க எடுங்க."

என் கையில் டிபன் டப்பா இருந்தது. திறந்து, எலுமிச்சைச் சாதத்தைக் கார் பானெட்டில் கவிழ்த்துவிட்டு முன்னால் போனேன். வலது கையை நீட்டினேன். இன்னும் ஒரு சாண் தூரம்தான். அந்தச் சமயம் பார்த்துச் சில்வண்டு ஒரு காலை எடுத்து, மெதுவாக, என்னைப் பார்த்து அசைத்தது.

வாசகர்களே, எனக்குப் பூச்சி என்றால் பயம். கரப்பான் வந்தால் கட்டில்மேல் ஏறி நின்று மனைவியைக் கூப்பிடுகிற ஜாதி நான். கை அப்படியே நின்றுவிட்டது.

"மாட்டேனுங்க" என்றேன்.

"என்ன சொன்னீங்க?"

"மாட்டேனுங்க."

காரணத்தையும் சொல்லியிருக்கலாம். ஒரு வெளிநாட்டு அம்மையாருக்கு முன்னால், டை கட்டிக்கொண்டு, பூச்சிக்குப் பயம் என்று எப்படிச் சொல்வது? தலையைக் குனிந்துகொண்டேன். அந்தக் குனிவு பார்ப்பவர்களுக்குப் பெரிய ஜீவகாருண்யமாகத் தெரிந்திருக்கிறது. அம்மையார் நெஞ்சில் கை வைத்தார். ஷேடுக்காரர் என்னைப் பார்த்த மாதிரி அதற்கு முன்னால் யாரும் பார்த்ததில்லை. கல்யாணத்தன்று என் மனைவிகூட.

எங்கள் கண்ணெதிரிலேயே இறக்கைகள் விரிந்து கண்ணாடியாயின. முதுகில் பச்சை ஏறியது. பச்சைக்குமேல் பழுப்பு இறங்கத் தொடங்கியது. ஷேடுக்காரர் கையிலிருந்த துண்டை மடித்துப் பைக்குள் வைத்தார்.

"போயிருச்சுங்க" என்றார்.

பார்த்ததை மனசில் வைத்துக்கொண்டு ஒரு டிப் செய்தார். எனக்கு அதுவேதான் போல இருந்தது. "கிட்ட வந்திருச்சுங்க, ஆனா அது இல்லீங்க" என்று அனுப்ப மறுத்துவிட்டார். அம்மையார் ஊருக்குப் போய் எங்கள் கருணையைப் பாராட்டி நீளமாக எழுதினார். ஆர்டரை வேறு தேசத்துக்குக் கொடுத்தார். நெகிழ்ச்சி வேறு, ஷிப்மென்ட் வேறு. ஷேடுக்காரரைத் தூக்கினால் பட்டறை நின்றுவிடும். என்னைத் தூக்கினால் எதுவும் நிற்காது. முதலாளி சரியாகவே முடிவெடுத்தார்.

"போயிட்டு வாங்க" என்றார்.

வீட்டுக்கு வந்து படுத்தேன். எழுந்திருக்கவே தோன்றவில்லை. போன் அடித்தால் போர்வைக்குள் போனேன். யாராவது 'அடுத்து என்ன செய்யறதா ரோசனை?' என்று கேட்டால் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தேன். கேட்க ஆளா இல்லை? சித்தப்பா வந்தார். மச்சான் வந்தார், காதர்பேட்டையில் தன் சிநேகிதன் கடையில் ஜட்டி பண்டல் கட்டுகிற வேலை இருக்கிறது என்ற நற்செய்தியோடு.

ஆனால் மச்சானால் உள்ளே வர முடியவில்லை. வாசலில் பேச்சுக்குரல் கேட்டது.

"இன்னும் கெட்டியாகலீங்க. அப்பறமா வாங்க."

"எதுங்க கெட்டியாகல? தோசை மாவுங்களா?"

"மாப்பிள்ளைங்க. இப்பத் தொட்டீங்கன்னா கோணிக்குவாரு."

என் மனைவி உள்ளே வந்து நின்றாள். "ஏனுங்க, அந்த அண்ணன் எதுக்குங்க நம்ம கேட்டுல சேரு போட்டுக் குடையோட உக்காந்திருக்கறாரு? மழையுங் காணோம் ஒண்ணுங் காணோம். தெருவுல கேக்கறாங்க, உங்கூட்டுக்காரருக்கு அம்மை போட்டிருக்குதான்னு."

ஷேடுக்காரர் தினமும் வேலைக்குப் போகும் முன்பு வந்து உட்கார்ந்தார். என்னிடம் ஆறுதலாக ஒரு வார்த்தை பேசியதில்லை. அந்த அமைதியில், வேறு வழியில்லாமல், தலைச்சாயம் போட்ட கதையை எழுதி ஒரு பத்திரிகைக்கு அனுப்பினேன். அவர்களும் அவசரப்பட்டுப் போட்டுவிட்டார்கள். திருப்பூருக்கு அதனால் நஷ்டமில்லை. பத்திரிகைக்கு எப்படி என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

அந்த இதழ் வந்த காலையில் ஷேடுக்காரர் முதல்முறையாக உள்ளே வந்தார். என்னை ஜன்னலோரம் நிறுத்தி, ஒரு துண்டை எடுத்துக் கன்னத்துக்குப் பக்கத்தில் பிடித்தார். மறுகன்னத்திலும் பார்த்தார்.

"டார்க் ஆயிருச்சுங்க சார். இனி வெளிய போலாமுங்க."

நாற்காலியை மடக்கி எடுத்துக்கொண்டு போய்விட்டார். அது எங்கள் வீட்டு நாற்காலி.

இப்போது ஓய்வு பெற்று, அந்த இரண்டு நிறச் சுவருக்குப் பின்னால் சாமளாபுரத்தில் இருக்கிறார். கோடைமழை பெய்தால் விடியற்காலையில் என் போனுக்கு ஒரு கலங்கிய படம் வரும். 'கிட்ட வந்திருச்சுங்க.' நானும் பஸ் பிடித்துப் போவேன். போன வாரமும் போனேன். அவர் வீட்டுப் பின்பக்க வேப்பமரத்தில், சட்டை உரித்த சில்வண்டு ஒன்று, மெத்தென்று, ஒட்டிக்கொண்டிருந்தது. குடையை என் கையில் கொடுத்துவிட்டுத் துண்டுகளை எடுத்தார். நான் கையை எவ்வளவு நீட்ட முடியுமோ அவ்வளவு நீட்டித் தள்ளியே நின்றேன். அவர் அதை மரியாதை என்று நினைத்துக்கொள்கிறார்.

பக்கத்து வீட்டுக்காரர் வேலியோரம் வந்து எட்டிப்பார்த்தார். "ஆருங்க இவரு?"

"ஒரு பூச்சியத் தொட மாட்டேன்னு மேனேஜர் வேலையவே உட்டவருங்க" என்றார் ஷேடுக்காரர்.

ஒவ்வொரு மழைக்கும் உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் பஸ் ஏறுகிறேன். ஆனால் சாம்பாரையும் சுவரையும் வானத்தையும் அப்ரூவ் செய்யாத மனிதர், உலகத்தில் என் ஒருவனைத்தான் அப்ரூவ் செய்திருக்கிறார். அவர் நனைந்துகொண்டிருந்தார். குடையைக் கொஞ்சம் அவர் பக்கம் சாய்த்தேன்.

"சார், பூச்சி நனையுதுங்க" என்றார்.

பயத்தை விழுங்கிக்கொண்டு, இரண்டும் நனையாதபடி ஓரடி முன்னால் போய் நின்றேன்.