வால்நட்சத்திரத்துக்காக வாயைக் கட்டிய டேஸ்ட்டர்

சித்தூர் ஜில்லாவிலேயே மாம்பழத்தைக் கண்டு நடுங்கிய ஒரே ஆசாமி எங்கள் டேஸ்ட்டர்தான். இத்தனைக்கும் மாம்பழக் கூழ் ஆலையில் கூழை ருசி பார்த்துச் 'சரி' சொல்வதுதான் அவர் வேலை. நான் அங்கே டெஸ்பாட்ச் குமாஸ்தா.

காரணம், ஹாலி வால்நட்சத்திரம். எண்பத்தாறில் அது வந்தபோது அவருக்கு ஆறு வயது. விடியற்காலையில் ஊரே மாடியில் நின்றது, இவர் மட்டும் குறட்டை விட்டுத் தூங்கிவிட்டார். ஹாலி சூரியனை ஒருமுறை சுற்றிவர எழுபத்தைந்து, எழுபத்தாறு வருஷமாகும். அடுத்த தரிசனம் 2061இல். அதுவரை சாவதில்லை என்று முடிவெடுத்தவருக்குச் சர்க்கரை வியாதி வந்து தொலைத்தது. அன்றிலிருந்து கூழை வாயில் வைப்பார், துப்புவார், ஒரு சொம்புத் தண்ணீரில் கொப்பளிப்பார்.

சிக்கியவர்களுக்கெல்லாம் கிளிமூக்குபோல் நுனி நீண்ட பெங்களூரா மாங்காயை நீட்டிப் பாடம் எடுப்பார்.

"இதான் ஹாலி சுத்துற ரூட்டு. சூரியன் நடுவுல இல்ல, காம்புகிட்ட. மூக்குகிட்ட போறப்ப ஊர்ந்துக்கினு போவும். காம்புகிட்ட வந்தா பிச்சிக்கினு ஓடும்."

2023 டிசம்பரில் ஆலை முழுக்க லட்டு கொடுத்தார், தான் மட்டும் தொடாமல்.

"நெப்டியூனத் தாண்டிப் போயி திரும்பிட்ச்சி. நம்ம பக்கம் வந்துக்கினு கீது."

"எப்ப சார் வந்து சேரும்?" என்றார் வாட்ச்மேன்.

"முப்பத்தேழு வருஷத்துல."

வாட்ச்மேன் இன்னொரு லட்டு எடுத்துக்கொண்டார்.

எங்கள் பக்கத்து வியாபாரிகளுக்கு இனிப்பை அளக்கும் மீட்டர் காட்டும் எண்ணில் நம்பிக்கை கிடையாது. ஆலைக்காரன் தன் கூழை ஒரு டம்ளர் நிறையக் குடித்துக் காட்ட வேண்டும். அடுத்த சீசனில் டேஸ்ட்டர் துப்பியதைப் பார்த்த ஒரு வியாபாரி, லாரியைக் காலியாகவே ஓட்டிக்கொண்டு போய்விட்டார்.

"ஏமய்யா, நம்ம ஆளே துப்புனா எவன் வாங்குவான்? நாளைக்குக் குடிக்கலன்னா வேலைக்கி வராத" என்றார் முதலாளி.

மறுநாள் டம்ளர் என் கைக்கு வந்தது. "எனக்குச் சளி. நீ குடி நைனா" என்றார் டேஸ்ட்டர். இந்த மடையனும் ஒரு மாசம் குடித்தேன்.

பிறகு திருப்பதியில் அவருக்கு ரத்தப் பரிசோதனை. துணைக்குப் போன எனக்கும் சும்மா பார்த்தார்கள். என் சர்க்கரை அவருடையதைவிட எகிறிக் கிடந்தது. திரும்பி வரும் பஸ்ஸில் அந்த மனிதர் ஹாலியைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. எனக்கு அதுதான் பயமாக இருந்தது.

அடுத்த நாள் வியாபாரி வந்ததும் வழக்கம்போல் டம்ளருக்குக் கை நீட்டினேன். டேஸ்ட்டர் என் கையைத் தட்டிவிட்டு, முழு டம்ளரையும் மடக் மடக்கென்று தானே குடித்தார்.

"யோவ், ஆயுசு கொறைஞ்சிடாதா?" என்றேன்.

வாயைத் துடைத்துக்கொண்டார். "கொறையட்டும். நீ போயிட்டா, அது வர்றப்ப 'தோ பாரு'ன்னு நான் யாருக்குக் காட்டறது?"

அன்றோடு டீயில் சர்க்கரை போடுவதை விட்டேன். அந்தப் பைத்தியத்தை 2061இல் தனியாக நிற்கவைக்க எனக்கு மனசு வரவில்லை.