ரசீது இல்லாமல் போன நூற்றுத் தொண்ணூற்றொன்பது

கொடுக்கல் வாங்கல் என்று ஒன்று உலகத்தில் இருக்கும் வரை எங்கள் வில்லியனூர் ரசீது சாரைப் போல இன்னொருவர் பிறக்கப்போவதில்லை. கடவுள் நேரில் தோன்றினால் நாமெல்லாம் வரம் கேட்போம். அவர் இத்தனை வருடம் உடைத்த தேங்காய்களுக்கு ரசீது கேட்பார்.

அவருடைய மாடிப் போர்ஷனில் நான் ஆறு வருடம் குடியிருந்தேன். அவருக்குச் சொந்தப் பெயர் ஒன்று உண்டு. கரண்ட் பில்லில் மட்டும் அது வரும். மற்றபடி தெருவுக்கே அவர் ரசீது சார்தான். முப்பத்து நான்கு வருடம் ஒரு மில்லில் ஸ்டோர் கீப்பராக இருந்தவர். ஆணி ஒன்று வெளியே போனாலும் சீட்டு இருக்க வேண்டும் என்பது அங்கே சட்டம். ரிட்டையர் ஆன அன்று மில்லை விட்டு வந்தார், சட்டத்தைக் கூடவே எடுத்துக்கொண்டு வந்துவிட்டார்.

சட்டைப் பையில் எப்போதும் கார்பன் வைத்த ரசீதுப் புத்தகம் இருக்கும். ரசீது தராத கடைக்காரர்களுக்கு அவரே எழுதி, அவர்களிடமே கையெழுத்து வாங்கிக்கொள்வார். அபிஷேகப்பாக்கத்திலிருந்து கூடை சுமந்து வரும் கீரைக்காரம்மா தினமும் அவர் வாசலில் சண்டை போடும்.

"இன்னா சார் இது, ரெண்டு கட்டு மொளக்கீரைக்கு வூட்டுப் பத்திரம் மாரி எழுதிக்கினு நிக்கிற? வெயிலு ஏறுது, வுடு சார்."

"கையெழுத்த போட்டுட்டுப் போம்மா. நாளைக்கு நீ காசு வரலன்னு சொன்னா நான் எங்க போவறது?"

அந்தம்மா கைநாட்டு வைத்துவிட்டு, மை பட்ட விரலைக் கீரையிலேயே துடைத்துவிட்டுப் போகும்.

எனக்குத் தரும் வாடகை ரசீதில் தொகையோடு நிற்கமாட்டார். கீழே 'குறிப்பு' என்று ஒரு பகுதி வரும். 'மாடிக் குழாய் சொட்டுகிறது என்றார். பார்த்தேன். சொட்டவில்லை.' 'இம்மாதம் விருந்தினர் நால்வர் வந்தனர். மோட்டார் இருமுறை போடப்பட்டது.' வருமான வரிக் கணக்குக்காக அந்த ரசீதுகளை ஆபீசில் கொடுத்தபோது அக்கவுண்டன்ட் படித்தார், பக்கத்து மேஜைக்காரரைக் கூப்பிட்டுப் படித்துக் காட்டினார், கடைசியில் மொத்த ஆபீசும் கூடிப் படித்தது. "ஒழுங்கா பிரிண்ட்ல வாங்கிட்டு வாங்க சார்" என்று திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். நான் அதை வீட்டுக்கு வந்து சாரிடமே சிரித்துக்கொண்டு சொன்னேன். புத்தியில்லாதவன் நான்.

அடுத்த வாரமே ஏப்ரலிலிருந்து பத்து மாத ரசீதுகளையும் அச்சில், ஓரத்தில் பூவேலை போட்ட கட்டத்தோடு, குறிப்பு எதுவும் இல்லாமல் கொண்டுவந்து நீட்டினார். ஆபீசில் ஏற்றுக்கொண்டார்கள். எங்கே அடித்தார், எப்படி அடித்தார் என்று நான் கேட்கக்கூட இல்லை. இது ஜனவரியில் நடந்தது.

அந்த மாதமே அவருடைய பேங்கில் பாஸ்புக் என்ட்ரி போடும் மிஷின் படுத்துக்கொண்டது. ஆறு மாதம் அதன் மேல் 'பழுது' என்று ஒரு தாள் ஒட்டியிருந்தது. போனில் வரும் மெசேஜைப் பார்க்கச் சொன்னால், "அதுல கையெழுத்து எங்க இருக்குது?" என்பார். திறந்தே பார்க்கமாட்டார். ஜூலையில் மிஷின் எழுந்து உட்கார்ந்தது. சார் முதல் ஆளாகப் போய் பாஸ்புக்கைச் செருகினார். வெளியே வந்த தாளில் ஆறு இடத்தில் நூற்றுத் தொண்ணூற்றொன்பது ரூபாய் போயிருந்தது. எதிரே வாயில் நுழையாத ஒரு ஆங்கிலப் பெயர்.

கவுன்டரில் இருந்த பெண் பொறுமையாகத்தான் சொன்னாராம். "ஏதோ ஆப்புக்கு சந்தா கட்டியிருக்கீங்க சார். ஆட்டோபே. மாசாமாசம் அதுவே எடுத்துக்கும்."

"நான் கட்டலம்மா."

"நீங்க ஓகே குடுக்காம போவாது சார்."

"அப்ப நான் குடுத்ததுக்கு ரசீது காட்டு."

வீட்டுக்கு வந்தவர் பழைய புத்தகங்களை எல்லாம் பிரித்துப் போட்டார். அவருடைய போனில் பணம் அனுப்பும் வசதியைப் போன வருடப் பொங்கல் சமயத்தில் நான்தான் போட்டுக் கொடுத்தேன். அதற்கும் சீட்டு இருந்தது. 'காலை 10.20: போன் மாடி வீட்டுத் தம்பியிடம் ஒப்படைப்பு. 10.45: திரும்பப் பெறப்பட்டது.' கீழே என் கையெழுத்து. அவருடைய ஆவணங்களின்படி அந்த போன் அவர் கையை விட்டுப் போனது வாழ்நாளில் அந்த இருபத்தைந்து நிமிடம்தான்.

"நான் ஒண்ணும் சொல்லல தம்பி" என்றார். "ரெக்கார்டு சொல்லுது."

எனக்குக் கோபம் வந்தது. "என்னா சார், நூத்தித் தொண்ணூத்தொம்பது ரூபாய்க்கா நான் திருடப் போறேன்?" என்று கத்தினேன். "அப்ப எவ்ளோன்னா எடுப்பீங்க?" என்று கேட்டார். கிண்டல் இல்லை. மில்லில் அப்படித்தான் விசாரிப்பார்களாம்.

அந்த மாத வாடகை ரசீது வந்தது. தொகை, தேதி, கையெழுத்து. குறிப்பு இல்லை. அந்தக் காலி இடம் என்னை என்ன செய்தது என்று சொன்னால் நம்பமாட்டீர்கள். நான்கு நாள் கழித்து, "மூலக்குளம் பக்கம் புதுசா நெறைய வூடு கட்டுறாங்களாமே, பாத்தீங்களா?" என்று பொதுவாக விசாரித்தார். என் மகளைப் பக்கத்துப் பள்ளியில் சேர்த்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. வீட்டைக் காலி செய்வதுகூடப் பரவாயில்லை, திருடன் என்று பெயர் வாங்கிக்கொண்டு காலி செய்ய எனக்கு மனமில்லை.

பத்தொன்பதாவது நாள், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, கீழே இறங்கிப் போனேன். "போனைக் குடுங்க சார், பாத்துடலாம்."

"குடுக்க மாட்டேன். நீங்க சொல்லுங்க, நான் அமுக்குறேன்."

அவர் நாற்காலியில். நான் மூன்றடி தள்ளி, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு. "அந்த மெயில் படத்தை அமுக்குங்க சார்." போன் வாங்கிய கடையில் அவர்களாகவே அவருக்கு ஒரு மெயில் முகவரி போட்டுக் கொடுத்திருந்தார்கள். அந்தப் படம் கம்பெனிக்காரன் அழகுக்கு ஒட்டியது என்று நினைத்திருந்தாராம். உள்ளே நாலாயிரம் மெயில் திறக்காமல் கிடந்தன. பாஸ்புக்கில் இருந்த பெயரைத் தேடச் சொன்னேன். ஒவ்வொரு எழுத்தாக அமுக்கினார்.

வந்து நின்றன, ஆறு ரசீதுகள். எண் இருந்தது, தேதி இருந்தது, வரி தனியாகப் பிரித்துக் காட்டியிருந்தது. சார் கண்ணாடியைத் துடைத்துவிட்டு ஆறையும் வரி விடாமல் படித்தார்.

"மொகம் தெரியாத எவனோ, மாசம் தவறாம ரசீது அனுப்பியிருக்கான்பா!" என்றார். அந்த நேரத்தில் ஆறு மாதச் சந்தாவையும் அந்தக் கம்பெனிக்குச் சந்தோஷமாகக் கொடுத்திருப்பார்.

"அது என்ன ஆப்புன்னு தெறந்து பாருங்க சார்."

திறந்தார். பில், ரசீது தயாரிக்கும் ஆப். முதல் பக்கத்திலேயே என் பெயர். வாடகை ரசீது, ஏப்ரல். வாடகை ரசீது, மே. பத்தும் பூவேலைக் கட்டத்தோடு வரிசையாக நின்றன.

சமையலறையிலிருந்து அவர் மனைவி குரல் கொடுத்தார். "ஒங்க ஆபீசுல சிரிச்சாங்கன்னு சொன்னீங்களே தம்பி, அன்னிக்கு இவுரு சோறே துன்னல. மறுநாளு பூரா போனை வெச்சிக்கினு இதத்தான் பண்ணிக்கினு இருந்தாரு."

"ஏழு நாளு ஃப்ரீன்னு போட்டிருந்தான்" என்றார் சார், தரையைப் பார்த்துக்கொண்டு. "ரகசிய நம்பர் கேட்டான், போட்டேன். ரெண்டு ரூபா எடுத்துட்டு ஒடனே திருப்பியும் போட்டான். நாணயமானவன்னு நெனச்சேன். ஏழு நாளு முடிஞ்சா அவனே நிறுத்திக்குவான்னு வுட்டுட்டேன். வேணும்னாதான வந்து சொல்லணும், வேணாங்கறதுக்குமா சொல்லுவாங்க? கீரைக்காரம்மா ஒரு நாளு ஒரு கட்டு சும்மா குடுத்துட்டு, மறுநாள்லேருந்து என் பையில கைய வுடுவாளா?"

கேள்வி நியாயமானது. சந்தாவை நிறுத்தும் இடத்தைச் சொன்னேன், அமுக்கினார். "நிறுத்துனதுக்கு ரசீது வருமா?" என்று கேட்டு வாய் மூடவில்லை, மெயில் வந்துவிட்டது. நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்.

என்னால்தானே போனது என்று பணத்தை எடுத்து நீட்டினேன். "பில்லு ஒங்க பேர்ல இல்ல. வாங்க முடியாது" என்று கையைத் தட்டிவிட்டார்.

மறுநாள் காலை மாடிப்படியில் செருப்புச் சத்தம். ரசீதுப் புத்தகத்தோடு மூச்சு வாங்க நின்றார். ஒரு தாளைக் கிழித்துக் கொடுத்துவிட்டு, அடிக்கட்டையில் என்னிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு இறங்கிப் போய்விட்டார். தாளில் இப்படி இருந்தது:

'மாடி வீட்டுத் தம்பி மீது பத்தொன்பது நாட்கள் வைத்திருந்த சந்தேகம் முழுவதையும் இன்று திரும்பப் பெற்றுக்கொண்டேன். பாக்கி ஏதுமில்லை. குறிப்பு: மாடிக் குழாய் சொட்டுகிறது. பார்த்தேன். உண்மைதான்.'

இப்போது மூலக்குளத்தில் எனக்குச் சொந்த வீடு இருக்கிறது. வீட்டுப் பத்திரம் வைத்திருக்கும் உறையிலேயே அந்த ரசீதையும் வைத்திருக்கிறேன், பத்திரத்துக்கு மேலே.