ஆப்பிரிக்காவை நேரில் கண்டவர்

இலண்டனில் எங்கள் ஆட்களிடையே பல ரகம் உண்டு. வீட்டு விலை ஏறுமா இறங்குமா என்று சொல்லுகிறவர், எந்தப் பிள்ளை எந்தப் பள்ளிக்கூடத்துக்குப் போகவேண்டும் என்று சொல்லுகிறவர், முழங்கால் நோவுக்கு மருந்து சொல்லுகிறவர். இவர்களையெல்லாம் நீங்கள் அறிவீர்கள். கடையில் கண்டால் அரிசி மூட்டைக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளவும் அறிவீர்கள். நான் அறிமுகப்படுத்த வந்தது வேறொருவரை. அவர் ஆப்பிரிக்காவை நேரில் கண்டவர்.

ஆப்பிரிக்கா என்றால் ஏதோ ஒரு மூலை அல்ல. முழுவதும். ஐம்பத்து நான்கு நாடுகள், அவற்றின் ஆறுகள், பாலைவனங்கள், ஆண்ட அரசர்கள், அவர்களைக் கவிழ்த்த தளபதிகள், எல்லாம் அவருடைய கைக்குள். எப்படித் தெரியும் என்று நீங்கள் கேட்கத் தேவையில்லை. கேட்காமலே பதில் வரும்: "நான் நேரிலை இருந்தனான்!"

இருந்தது உண்மைதான். தொண்ணூறுகளில் இலங்கையை விட்டு ஓடிவந்த எங்களை ஏஜென்சிக்காரர்கள் நேரே இலண்டனில் கொண்டுவந்து இறக்கவில்லை. வழியில் எங்காவது ஓர் ஊரில், ஓர் அறையில் போட்டுப் பூட்டி, அடுத்த விமானத்துக்கு வழி பிறக்கும்வரை மாதக்கணக்கில் வைத்திருந்தார்கள். மொஸ்கோவில் பூட்டப்பட்டவர் ரஷ்ய அரசியல் பேசுவார். பாங்கொக்கில் பூட்டப்பட்டவர் ஒன்றும் பேசமாட்டார். ஏனென்று அவருடைய மனைவிக்கு முன்னால் கேட்காதீர்கள். ஆப்பிரிக்காவில் பூட்டப்பட்டவர்தான் நம்முடைய ஆள்.

கோலியர்ஸ் வுட்டில் என் பக்கத்து வீட்டில் ஒருவர் இருக்கிறார். செபமாலைமுத்து அண்ணை, சொந்த ஊர் மன்னார், பூட்டப்பட்ட ஊர் கானா. அந்த அறைக்கு ஒரு ஜன்னல். ஜன்னலுக்கு வெளியே ஒரு மதில். மதிலில் சில வேளைகளில் ஓர் ஆடு. இவ்வளவையும் வைத்துக்கொண்டு ஒரு மனிதர் ஒரு கண்டத்தையே எழுப்பியிருக்கிறார் என்றால் மெச்சத்தானே வேண்டும்? ஆப்பிரிக்காவில் ஆடுகள் மதில் ஏறும். ஆப்பிரிக்காவில் மத்தியானத்தில் ஒருவரும் கதைப்பதில்லை. ஆப்பிரிக்காவில் பாண் ரொட்டி முழங்கை நீளம், ஏனென்றால் ஏஜென்சிக்காரன் கொண்டுவந்த பாண் முழங்கை நீளம். அவன் கதவைத் திறக்கும்போது சொன்ன "போன்ஜூர்" கானா பாஷையில் வணக்கம். பாரிஸ் மச்சான் ஒருநாள் தொலைபேசியில் அதே சொல்லைச் சொன்னபோது அண்ணை அசையவில்லை.

"பார், பிரெஞ்சுக்காரன் கானாவிலையிருந்து களவெடுத்த சொல்லு!" என்றார்.

இந்த ரகத்தைத் தெருவில் எப்படி அடையாளம் காண்பது? மிகச் சுலபம். பஸ் சாரதி உகண்டாக்காரர் என்று தெரிந்தால் இறங்கவேண்டிய தரிப்பிடத்தைத் தாண்டியும் இறங்கமாட்டார். ஸ்ட்ரெதமில் தலைமயிர் வெட்டும் எரித்திரியப் பெடியனிடம் எரித்திரியாவின் சரித்திரத்தை, வெட்டி முடியும்வரை, எடுத்துரைப்பார். பூசை முடிந்து மண்டபத்தில் தேநீர் தரும்போது கோப்பைகளைத் தள்ளிவைத்து வரைபடம் போடுவார்: இது நைல், இது சகாரா. சகாராவாக வைத்த வடையை ஒருமுறை பாதிரியார் தெரியாமல் தின்றுவிட்டார். "சகாரா வருசா வருசம் இடம் மாறும் ஃபாதர்" என்று அண்ணை அவரைத் தேற்றினார்.

இதெல்லாம் யாருக்கும் கெடுதல் இல்லாத விளையாட்டு என்று நானும் நினைத்திருந்தேன், அவருடைய மகள் பிறின்சி தன்னோடு வேலை செய்யும் எடெம் என்ற கானாப் பையனைத்தான் கட்டுவேன் என்று சொல்லும்வரை.

வேறு வீடென்றால் தகப்பன் குதித்திருப்பார். இவரும் குதித்தார், சந்தோஷத்தில்.

"எங்கட நாட்டுப் பெடியன்!"

தயங்கியவர் தாய் மேரிறோஸ் அக்கா. கண்காணாத சனம், பிள்ளை எப்படி இருப்பாளோ என்று மூன்று நாள் அழுதார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு மகளிடம் சொன்னார்: "கொப்பருக்கு அந்தச் சனத்தைத் தெரியும். அவர் அங்கை இருந்தவர். அவர் ஓம் எண்டால் எனக்கும் ஓம்."

பார்த்தீர்களா? பிறின்சியின் கலியாணம் முழுவதும் அந்த ஒற்றை ஜன்னலில் தொங்கிக்கொண்டிருந்தது. அவளுக்கு அது விளங்கிவிட்டது. எடெமின் பெற்றோர் பேச வந்த ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் தகப்பனின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, "அப்பா ப்ளீஸ், இண்டைக்கு ஆப்பிரிக்காவைப் பற்றி மட்டும் கதையாதேங்கோ" என்றாள். அவரும் தலையாட்டினார். இந்த ரகத்தின் தலையாட்டலை நம்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

சாட்சிக்கு நானும் போயிருந்தேன். மிஸ்டர் டொட்சே, மிஸஸ் டொட்சே, நடுவில் இறுக்கிய கழுத்துப் பட்டியோடு எடெம். வாசலிலேயே அண்ணை கையை நீட்டி, "போன்ஜூர்!" என்றார். விருந்தினர் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு நடந்த பேச்சு ஆங்கிலத்தில்; நான் தமிழில் தருகிறேன்.

"உங்கட நாட்டிலை நான் இருந்தனான். என்ன நாடு! என்ன பாண்! இவ்வளவு நீளம்!" அண்ணை முழங்கையைக் காட்டினார்.

மிஸஸ் டொட்சே தலையைச் சாய்த்தார். "நீளமான பாணா? அங்கே வானொலி ஏதாவது கேட்டதா? என்ன பாஷையில் பாடினார்கள்?"

அண்ணை தாராளமாக இரண்டு வரி பாடியே காட்டினார்.

"அது பிரெஞ்சுப் பாட்டு" என்றார் அந்த அம்மா மெதுவாக. "நீங்கள் இருந்தது கானா இல்லை. டோகோ. லோமே நகரம். என் ஊர் அஃப்லாவோ, சரியாக எல்லையில். தெருவைத் தாண்டினால் லோமே. ஆங்கிலேயரும் ஜெர்மன்காரரும் கோடு போட்டபோது எங்கள் சொந்தத்தில் பாதி அந்தப் பக்கம் போய்விட்டது. ஜெர்மன்காரர் போன பிறகு பிரெஞ்சுக்காரர் வந்தார்கள். அந்தப் பாணும் வந்தது."

மேரிறோஸ் அக்கா தேநீர்த் தட்டை மேசையில் வைத்துவிட்டுத் தமிழில் கேட்டார்: "அப்ப நீங்கள் கானாவிலை இருக்கவே இல்லையோ?"

"ஒரு தெருதானே வித்தியாசம்!" என்றார் அண்ணை.

"முப்பது வருசமாய்ச் சொன்னதெல்லாம் பொய்யோ? உங்களை நம்பியெல்லோ நான் ஓம் எண்டனான்!"

பிறின்சியின் முகத்தைப் பார்க்க எனக்குப் பாவமாக இருந்தது. எடெமுக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் கழுத்துப் பட்டியைத் தளர்த்தினான். அந்த நேரத்தில்தான் அதுவரை பேசாதிருந்த மிஸ்டர் டொட்சே நிமிர்ந்து உட்கார்ந்து, சுட்டுவிரலை உயர்த்தினார்.

"கவலைப்படாதீர்கள். உங்கள் நாட்டை எனக்கு மிக நன்றாகத் தெரியும். நான் நேரில் இருந்தவன்."

"எங்கே?" என்று நான்தான் கேட்டேன்.

"பெங்களூர். கம்பெனிப் பயிற்சி, இரண்டு கிழமை. ஹோட்டல் ஜன்னலிலிருந்து எல்லாம் பார்த்தேன். ஸ்ரீலங்காவில் எல்லோரும் மோட்டார் சைக்கிளில்தான் போவார்கள்."

மிஸஸ் டொட்சே கண்ணை மூடிக்கொண்டு மூச்சு விட்டார். நீண்ட மூச்சு. பல வருடப் பழக்கம் உள்ள மூச்சு.

தன்னைப் பார்த்து இந்தியனா என்று கேட்ட தபால்காரரைத் தெருமுனைவரை துரத்திப்போய்த் திருத்தியவர் எங்கள் அண்ணை. நான் கதவுப் பக்கம் பார்த்தேன். ஆனால் அவர் ஒன்றும் செய்யவில்லை. எதிரில் உயர்ந்திருந்த அந்த விரலையே ஆசையோடு பார்த்துக்கொண்டிருந்தார்.

"பெங்களூர்..." என்றார். "ஓம், பக்கத்திலைதான். இடையிலை ஒரு கடல், அவ்வளவுதான்."

இரண்டு பேரும் கதிரைகளை நெருக்கிப் போட்டுக்கொண்டார்கள். மேரிறோஸ் அக்கா அவர்களைப் பார்க்கவில்லை. கண்ணை மூடி மூச்சு விட்ட அந்த அம்மாவைத்தான் பார்த்தார். அந்த அம்மாவும் இவரைப் பார்த்தார். பிறகு இரண்டு பேருக்கும் சிரிப்பு அடக்க முடியாமல் வந்தது.

"பிள்ளை," என்றார் மேரிறோஸ் அக்கா மகளிடம், கண்ணைத் துடைத்தபடி, "கானாவை எனக்குத் தெரியாது. கொப்பருக்கும் தெரியாது. இந்த மனுசியை எனக்கு நல்லாத் தெரியும். கலியாணத்துக்கு நாள் பாருங்கோ."

மாசியில் கலியாணம்.

வாசகரே, நீங்கள் சிரிக்கிறீர்கள். நல்லது. நீங்கள் இந்த நாட்டில் எத்தனை வருடம்? வீடு, வேலை, டூட்டிங் தமிழ்க் கடை, கோயில் அல்லது தேவாலயம், திரும்பவும் வீடு. போன கிழமை ஊரிலிருந்து வந்த மருமகனை முன்னால் இருத்தி, "வெள்ளைக்காரன் எப்பிடியெண்டால்..." என்று தொடங்கி இரண்டு மணி நேரம் பேசினீர்கள். குறை சொல்லவில்லை. ஒன்றே ஒன்று கேட்கிறேன்: நீங்கள் கடைசியாக ஒரு வெள்ளைக்காரரின் வீட்டுக்குள் போனது எப்போது? காஸ் மீற்றர் பார்க்க வந்தவரைக் கணக்கில் சேர்க்கக்கூடாது. அவர்தான் உங்கள் வீட்டுக்கு வந்தார்.