பூனைக் கோஷ்டி அருங்காட்சியகம்

நீதிமன்றத்தில் முப்பது வருஷம் தட்டச்சராக இருந்து ஓய்வுபெற்ற ஓர் அம்மாள், தம் வீட்டின் முன்பக்க அறைகள் இரண்டில் குற்ற வரலாற்றுக்கென ஓர் அருங்காட்சியகம் தொடங்க எண்ணினார். நகரத்துக் கிடங்குகளை ஒன்பது பேராகச் சேர்ந்து வழித்தெடுத்த பூனைக் கோஷ்டிதான் பொருள். அவர்களைப் பிடித்துக் கொடுத்தவர் அம்மாளின் அப்பா. கிடங்குக் காவலாளி. திருடர்கள் வாயை மூடிக்கொண்டு போகச் சொன்னார்கள். அவர் ஊரைக் கூட்டினார். கோர்ட்டில் சாட்சியும் சொன்னார். அதற்காக வாங்கிய அடியில் ஒரு காது கேட்காமல் போயிற்று. அந்த மனிதரை நாலு பேர் பார்க்க வேண்டும் என்பதுதான் மகளின் ஆசை.

பண்பாட்டு அலுவலகத்திலிருந்து வகைப்பாட்டு அதிகாரி விண்ணப்பத்தோடு நேரில் வந்தார்.

"அமைப்புசார் குற்றம்னு எழுதியிருக்கீங்க. அந்த அமைப்பு எங்க பதிவாகியிருக்கு?"

"அவங்க திருடங்க சார். பதிவெல்லாம் பண்ணலை."

"பதிவு இல்லைன்னா அமைப்புசாராக் குற்றம். ஃபைல் தொழிலாளர் நலத்துறைக்குப் போகணும்."

"ஆளுக்கொரு வேலையா பிரிச்சுக்கிட்டு, கூட்டம் போட்டு முடிவெடுத்துச் செஞ்சாங்க சார்."

"எடுத்த முடிவை நிறைவேத்தினாங்களா?"

"அன்னிக்கே."

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். "எங்க ஆபீஸ்லகூட இந்த அளவுக்கு அமைப்பு கிடையாதும்மா" என்று சொல்லி, கோஷ்டியை அமைப்பாக அங்கீகரித்தார். ஒரே நிபந்தனை: காட்சிக்கு வைக்கப்படும் திருடர்களின் வாரிசுகளிடமிருந்து ஆட்சேபணையின்மைக் கடிதம், மூன்று பிரதிகள்.

கோஷ்டித் தலைவர் பெரிய பூனையின் பேரன் டைல்ஸ் கடை வைத்திருந்தார். ஊரில் பெரிய மனிதர். அம்மாள் பயந்துகொண்டுதான் போனார். அவர் காகிதத்தை நிதானமாகப் படித்தார்.

"ஏழு கிடங்குன்னு போட்டிருக்கீங்க. எங்க வீட்ல பதினொன்னுன்னு சொல்லுவாங்க."

"கேஸ் கட்டுல ஏழுதாங்க இருக்கு."

"அது மாட்டினது. மாட்டாததுதானே திறமை?"

பதினொன்று என்று திருத்திக் கையெழுத்துப் போட்டார். தாத்தா படத்தை மட்டும் இன்னும் கொஞ்சம் பெரிதாக வைக்கச் சொன்னார்.

திறந்து இரண்டே மாதத்தில் பூனை வம்சம் என்பது ஊரில் நாகரிகமாகிவிட்டது. கல்யாணப் பத்திரிகையில் தாத்தா பெயருக்குக் கீழே "பூனைக் கோஷ்டி, சுவர் ஏறும் பிரிவு" என்று அச்சடித்தார்கள். அப்படி ஒரு தாத்தா இல்லாத வீட்டில் பெண் எடுக்க யோசித்தார்கள். ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர், தெருமுனையில் காவல் நின்ற தம் பெரியப்பாவின் படத்தோடு வந்து கெஞ்சினார்.

"ஒரே ஒரு விசில்தான் அடிச்சார்மா. ஆனா நல்ல விசில்."

ஒன்பது பேர் அறுபத்து மூன்றானார்கள். கூட்டத்தைக் கண்ட அலுவலகம் பூனை வாரிசுச் சான்றிதழ் வழங்க முன்வந்தது. முன்னோர் திருடியதை நேரில் பார்த்த இருவரின் கையெழுத்து கட்டாயம். திருட்டு நடந்து எழுபது வருஷம் ஆகியிருந்தது. ஆனாலும் அலுவலக வாசலிலேயே இரண்டு பேர் கிடைத்தார்கள். இருவருக்கும் வயது ஐம்பதுக்குள். எல்லாத் திருட்டையும் கண்ணால் பார்த்திருந்தார்கள்.

ஆண்டு ஆய்வுக்கு மறுபடி வந்த அதிகாரி, நடுச்சுவரில் காவலாளி படத்தின் முன் நின்றார்.

"இவர் எந்தப் பிரிவு?"

"எங்கப்பா சார். பிடிச்சுக் கொடுத்தவர்."

"அப்ப இங்க எப்படி இருக்கார்? அனுமதி குற்றவாளிகளுக்குத்தானேம்மா."

"இவருக்காகத்தான் சார் இதையே ஆரம்பிச்சேன்."

அதிகாரி கெட்டவர் அல்ல. உதவத்தான் பார்த்தார். "நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. கிடங்குலேர்ந்து ஒரு சாக்கு, ஒரு கயிறு, ஏதாவது வீட்டுக்குக் கொண்டு வந்திருப்பாரே?"

"ஒரு ஆணிகூட இல்லை சார்."

"அதான் சிக்கல்."

ஒரு மணி நேரம் விதிகளைப் புரட்டினார். கடைசியில் ஓர் உட்பிரிவில் இடம் கிடைத்தது. அப்பாவின் படம் குழாயடிச் சுவருக்குப் போயிற்று. "அமைப்பின் பணிக்கு இடையூறு விளைவித்தவர்" என்று கீழே பலகை.  எப்படியோ படம் சுவரில் இருக்கிறதே என்று அம்மாள் மனதைத் தேற்றிக்கொண்டு கையெழுத்துப் போட்டார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை டைல்ஸ் கடைக்காரர் தம் புதுச் சம்பந்தி வீட்டாரோடு வந்தார். சம்பந்தியம்மாள் பலகையைப் படித்துவிட்டு உச்சுக் கொட்டினாள்.

"ஒத்தை ஆளா நின்னு ஒன்பது குடும்பத்துப் பிழைப்பைக் கெடுத்திருக்கான் பாருங்க."

"ஒன்பது இல்லைங்க, அறுபத்து மூணு" என்று பக்கத்தில் நின்றிருந்த தலைமையாசிரியர் வருத்தத்தோடு திருத்தினார். கூட்டம் மொத்தமும் தலையாட்டியது.

சம்பந்தியம்மாள் திரும்பினாள். "யாரும்மா இந்தாளு? உங்களுக்குத் தெரிஞ்சவரா?"

எல்லோரும் தட்டச்சர் அம்மாளைப் பார்த்தார்கள். அவர் முந்தானையால் படத்தின் தூசியைத் துடைப்பதுபோல் கையைக் கொண்டுபோய், பாதியில் இழுத்துக்கொண்டார்.

"கேள்விப்பட்டிருக்கேன்" என்றார்.