நாக்குக்கு நஷ்ட ஈடு

"பிரேக்கை மெதுவாப் பிடிங்க, முட்டை உடைஞ்சிடப் போகுது" என்றாள் ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்திருந்த மனைவி. அவர் மெதுவாகத்தான் பிடித்தார். பின்னால் வந்த வேன்காரன் பிடிக்கவே இல்லை.

மனைவி அந்த இடத்திலேயே போய்விட்டாள். அவருக்குப் பின்மண்டையில் அடி, முழங்கையில் சிராய்ப்பு. ஆஸ்பத்திரியிலிருந்து வந்தபோது கை கால் ஒழுங்காக இருந்தன. மூக்கும் நாக்கும் மட்டும் வேலை செய்யவில்லை. பூண்டு வதங்குவதும் ரப்பர் கருகுவதும் அவருக்கு ஒன்றுதான்.

அவரோ தொழிற்சாலை கேன்டீனின் தலைமைச் சமையல்காரர். ஒரு சொட்டை உள்ளங்கையில் விட்டு நக்கி, அண்டா முழுவதற்கும் தீர்ப்புச் சொல்கிறவர். எல்லோரும் அவரை 'நாக்கு' என்றே கூப்பிட்டார்கள். இப்போது அந்த நாக்கைக் காய் நறுக்கும் மூலையில் உட்கார வைத்து, சம்பளத்தைப் பாதியாக நறுக்கிவிட்டார்கள்.

நஷ்ட ஈட்டுக்குக் கேஸ் போடப் போனபோது வக்கீல் அவரை மேலும் கீழும் பார்த்தார். முகத்தில் ஏமாற்றம்.

"ஒரு விரலாவது போயிருக்கக் கூடாதா? விரலுக்கெல்லாம் கணக்கு இருக்கு. இதை நான் எப்படிக் காட்டுறது?"

"மன்னிச்சுக்குங்க சார்" என்றார் நாக்கு.

"டாக்டருங்க வாசனை காட்டி டெஸ்ட் பண்ணுவாங்க. எதை நீட்டினாலும் மூஞ்சியைச் சுளிக்காதீங்க. கல்லு மாதிரி இருக்கணும்."

மருத்துவக் குழுவின் முன் அவர் கல்லாக இருந்தார். காப்பித்தூள், சோப்பு, கிராம்பு, எதற்கும் அசையவில்லை. கடைசிப் புட்டியில் அமோனியா. மூக்குக்குள் யாரோ தீக்குச்சி கிழித்ததுபோல் இருந்தது. கண்ணில் நீர் கொட்டியது. கல் அசையவில்லை.

"ஏதாவது தெரியுதா?"

"ஒண்ணுமே தெரியல டாக்டர்."

"வாசனை தெரியாதவனுக்கும் இது எரியும்யா. எரியலைன்னு சொல்றவன்தான் நடிக்கிறான்" என்று டாக்டர் பேனாவை எடுத்தார். 'சந்தேகத்துக்குரியது' என்று எழுதினார்.

"அந்த அளவுக்கா கல்லா இருக்கச் சொன்னேன்?" என்று வக்கீல் தலையில் கை வைத்தார். "சரி, முன்னாடி உங்களுக்கு ருசி இருந்துச்சுன்னாவது நிரூபிப்போம்."

கேன்டீன்காரர்கள், 'அவர் சமைத்தார், சாப்பிட்டோம், நாக்கைப் பற்றி எங்களுக்கென்ன தெரியும்' என்று கை கழுவிவிட்டார்கள். மிஞ்சியது மச்சினிதான். மனைவியின் கூடப்பிறந்த ஒரே தங்கை.

"அத்தான் சாப்பாட்டு விஷயத்துல ரொம்ப நுணுக்கம்ங்க" என்று கூண்டில் அவள் ஆரம்பித்தது நன்றாகத்தான் இருந்தது.

இன்சூரன்ஸ் வக்கீல் எழுந்தார். அக்கம்பக்கத்தில் விசாரித்துவிட்டு வந்தவர்.

"உங்க அக்கா சமையல்ல உப்பு சரியா இருக்குமாம்மா? ஆமா, இல்லைன்னு மட்டும் சொல்லுங்க."

"இல்லைங்க."

"உப்பே சுத்தமா இருக்காதா?"

"ஆமாங்க."

"உங்க அத்தான் ஒரு நாளாவது குறை சொல்லியிருக்காரா?"

"இல்லைங்க."

அவர் நீதிபதியின் பக்கம் திரும்பினார். "உப்பில்லாததைத் தினமும் வாயைத் திறக்காம சாப்பிட்டிருக்கார். இந்த மனுஷனுக்கு விபத்துல தொலைக்கிறதுக்கு ருசின்னு ஒண்ணு இருந்திருக்குமா ஐயா?"

நீதிபதி சிரிப்பை இருமலாக மாற்றிக்கொண்டார்.

வராந்தாவில் வக்கீல் நாக்கை ஓரம் கட்டினார். "உங்களை மறுபடி கூண்டுல ஏத்தறேன். 'என் சம்சாரம் சமையல் வாயில வைக்க விளங்காது, பொறுத்துக்கிட்டுச் சாப்பிட்டேன்.' இவ்வளவுதான். சொல்லிட்டீங்கன்னா கேஸ் எழுந்து நிக்கும்."

"அவ இல்லாத நேரத்துலயா சார்?"

"இருக்கும்போதே சொல்லியிருந்தா நமக்கு இன்னும் வசதி."

நாக்கு கூண்டில் ஏறினார். பாதிச் சம்பளம் ஞாபகத்துக்கு வந்தது. வீட்டு வாடகை ஞாபகத்துக்கு வந்தது. இனி எந்த அண்டாவுக்கும் தீர்ப்புச் சொல்ல முடியாது என்பதும் வந்தது.

"உங்க மனைவி சமையல் எப்படி?"

"நல்லா இருக்கும்ங்க."

வக்கீல் கண்ணைக் காட்டினார். "உப்பு?"

"அளவா இருக்கும்."

வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

தீர்ப்பு வந்தது. மனைவி வீட்டில் சும்மா இருந்தவள் என்பதால் அவளுக்குக் கொஞ்சம். நாக்குக்கு ஒன்றுமில்லை. முழங்கைச் சிராய்ப்புக்கு மட்டும் கேட்டது முழுசாகக் கிடைத்தது. பஞ்சு வாங்கிய ரசீது இருந்தது.

"ஒரு பொய்யைக்கூடச் சரியான இடத்துல சொல்லத் தெரியலை உங்களுக்கு" என்று சொல்லிவிட்டு வக்கீல் அடுத்த கேஸுக்குப் போனார். அது கால் போன கேஸ். நடையில் உற்சாகம் இருந்தது.

மச்சினி படிக்கட்டில் உட்கார்ந்து அழுதாள். "ஒரு வார்த்தை உண்மையைச் சொல்லியிருக்கலாமே அத்தான்."

"அவ மனசு நோகக் கூடாதுன்னு இத்தனை வருஷம் முழுங்கினேன். உப்புப் போடத் தெரியாதவள்னு இப்ப நாலு பேர் முன்னாடி அவளைச் சொல்லவா?"

மச்சினி முந்தானையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு அவரையே பார்த்தாள்.

"அக்காவுக்கா உப்புப் போடத் தெரியாது? நீங்க சாப்பிட்டு எழுந்ததும் தன் தட்டுல உப்பை அள்ளிப் போட்டுக்குவா அத்தான். நாள் பூரா உப்புப் பாத்துட்டு வர்ற நாக்கு வீட்டுலயாவது சும்மா இருக்கட்டும்னு, உங்களுக்கு மட்டும்தான் போட மாட்டா."