தலையங்கத்திடம் வாங்கிய யூரியா

பாபநாசம் வட்டாரத்தில் யூரியா வாங்கிய ஒவ்வொருவருக்கும் டெல்லி அரசியல் அத்துப்படி. எல்லாம் எங்கள் கடைத்தெருவில் உரக்கடை வைத்திருக்கும் தலையங்கத்தின் உபயம். பெற்றவர்கள் வைத்த பெயர் ரேஷன் கார்டில் மட்டும் இருக்கிறது.

காலையில் உர வியாபாரம், மத்தியானம் ஒரு வாரப் பத்திரிகைக்கு அரசியல் கட்டுரை. எழுதியதை அவர் வாசிக்க, நாம் கேட்டு முடித்தால்தான் மூட்டை கைக்கு வரும். பக்கத்துக் கடையில் கட்டுரையை டைப் அடித்துக் கொடுத்தவன் நான் என்பதால் எனக்கு மட்டும் இரண்டு தடவை தண்டனை.

ஒரு சம்பா பருவத்தில் விவசாயி ஒருவர் கெஞ்சிப் பார்த்தார். "அண்ணே, வயல்ல ஆளு நிக்குது. டெல்லிய நாளைக்குப் பாத்துக்கலாமே."

"டெல்லியில நெனச்சாத்தான் ஒங்களுக்கு யூரியாவே வருது. உக்காருங்க."

அவருடைய பெரிய வாடிக்கை ஒரு காண்ட்ராக்டர், ஆளுங்கட்சிக்காரர். பண்ணை முழுவதற்கும் உரம் இங்கேதான் எடுப்பார். அவர் தூர்வாரியதாகச் சொன்ன வாய்க்காலில் அரை கிலோமீட்டரை யாரும் தொடவே இல்லை என்று தலையங்கம் எழுதிவிட்டார். பத்திரிகை வந்த அன்றே காண்ட்ராக்டர் கடைக்கு வந்து நின்றார். நம்மவர் அசரவில்லை. அவரையும் உட்காரவைத்து முழுக் கட்டுரையையும் வாசித்துக் காட்டினார்.

கேட்டு முடித்த காண்ட்ராக்டர், தப்பு என்று அடுத்த வாரமே எழுதாவிட்டால் இந்தப் படி ஏறமாட்டேன் என்று சொல்லிவிட்டுப் போனார். அந்தப் பண்ணை போனால் பாதிக் கடை போனதுபோல.

"எழுதிடுங்கண்ணே," என்றேன்.

"எழுதத்தான் போறேன். வா, டேப்பப் பிடி."

வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, அந்த வாய்க்காலில் மண்டிக்கிடந்த காட்டாமணக்குப் புதருக்குள் இறங்கினார். டேப்பின் மறுமுனையோடு நானும் இறங்கினேன். இருவரும் முழங்கால் சேற்றோடு கரையேறினோம்.

மறுவாரம் திருத்தம் வெளிவந்தது: 'அரை கிலோமீட்டர் தூர்வாரப்படவில்லை என்று எழுதியது தவறு. வருந்துகிறோம். முக்கால் கிலோமீட்டர்.'

வாய்க்காலுக்குப் பொக்லைன் வந்தது. கடைக்குக் காண்ட்ராக்டர் வரவில்லை. அவருக்குப் பயந்து இன்னும் பலர் வரவில்லை. வியாபாரம் படுத்ததைக்கூட மனுஷர் தாங்கிக்கொண்டார். வாசித்துக் காட்ட ஆளில்லாமல் காகிதத்தை மடித்து மடித்துப் பிரித்ததைத்தான் என்னால் பார்க்க முடியவில்லை.

எனக்கு ஒரு குழி நிலம் கிடையாது. இருந்தும் அன்றிலிருந்து வாராவாரம் போய் ஒரு கிலோ யூரியா கேட்கிறேன். அது தாங்காமல் மாடித் தொட்டியில் மூன்று ரோஜாச் செடிகள் கருகிவிட்டன. நாலாவது வாங்கி வைத்திருக்கிறேன்.